நம்ம தெரு பல்லி

தையல்நாயகி டீச்சர் நீட்டிய டப்பாவிலிருந்து ஏழாம் வகுப்புப் பிள்ளைகள் ஆளுக்கொரு சீட்டு எடுத்தார்கள். ஒவ்வொரு சீட்டிலும் ஒரு நட்சத்திரக் கூட்டத்தின் பெயர் இருந்தது. அதை வானத்தில் கண்டுபிடித்து அட்டையில் வரைந்து வர வேண்டும்.

சம்பத்துக்கு அன்னம் கிடைத்தது. அருள்மேரிக்குக் கிடைத்தது பல்லி.

வகுப்பே சிரித்தது.

"என் அன்னத்துக்குப் பக்கத்து வீட்டுல பல்லியா? பார்த்து, உன் தலையில விழுந்துடப் போகுது!" என்றான் சம்பத். இருவருக்கும் மேற்குத் தாம்பரத்தில் ஒரே தெரு.

"புத்தகத்தைப் பார்த்து வரையக் கூடாது. கண்ணால பார்த்ததைத்தான் வரையணும்," என்றார் டீச்சர். "பல்லி ரொம்ப மங்கல், அருள்மேரி. வேணும்னா வேற சீட்டு எடுத்துக்கோ."

"வேண்டாம் டீச்சர். பல்லியே இருக்கட்டும்."

அன்று மாலை மொட்டைமாடியில் நின்று வடக்கே பார்த்தாள். இடது பக்கம் அன்னம் பளிச்சென்று தெரிந்தது. வலது பக்கம், கோணலாகச் சாய்ந்த 'எம்' எழுத்துப் போல ஐந்து நட்சத்திரங்கள். புத்தகத்தின்படி இரண்டுக்கும் நடுவில்தான் பல்லி இருக்க வேண்டும். அங்கே ஒன்றுமே இல்லை! தெருவிளக்கும் வாசல் விளக்குகளும் சேர்ந்து கண்ணைக் கூசவைத்தன.

அடுத்த சில நாட்கள் மழை. ஞாயிற்றுக்கிழமைதான் விட்டது. வானம் கழுவித் துடைத்தது போல் இருந்தது. மறுநாள் அட்டையைக் கொடுத்தாக வேண்டும்.

அருள்மேரி ஒவ்வொரு வீடாகப் போய்க் கதவைத் தட்டினாள்.

"சாயங்காலம் இருட்டினதும் கொஞ்ச நேரம் விளக்கை அணைப்பீங்களா?"

"ஐயோ, டிவியில படம் போடுவானே!" என்றார் அங்காளம்மாள் அக்கா.

"படம் பாருங்க அக்கா. வாசல் விளக்கை மட்டும் அணைச்சா போதும்."

கடைசியில் மூலை டீக்கடை சேட்டு அண்ணா. தெருவிளக்கின் சுவிட்சும் அவர் பொறுப்பில்தான் இருந்தது.

"வானத்துல பல்லியா? என் கடையிலயே நாலு பல்லி கீது, வந்து பாரு!" என்று சிரித்தார் அவர். "லைட்டை அணைச்சா வியாபாரம் இன்னாத்துக்கு ஆவறது?"

அருள்மேரி யோசித்தாள். "பல்லியைப் பார்க்கத் தெருவே வெளியில வந்து நிக்கும் அண்ணா. நின்னவங்க எல்லாரும் டீ குடிக்க எங்க போவாங்க?"

சேட்டு அண்ணா அவளை ஒரு முறை ஏற இறங்கப் பார்த்தார். "பலே ஆளும்மா நீ! சரி, அணைக்கிறேன்."

ஏழு மணிக்குத் தெரு இருண்டது. படத்தைப் பாதியில் விட்டுவிட்டு அங்காளம்மாள் அக்காவும் வந்துவிட்டார்.

"எங்கம்மா பல்லி?"

அருள்மேரி உற்று உற்றுப் பார்த்தாள். எதுவும் தெரியவில்லை.

"ஓடிப் போயிடுச்சு போல," என்றான் சம்பத். "என் அன்னத்தைப் பாரு, எப்படி ஜொலிக்குது!"

அவள் எரிச்சலோடு அன்னத்தின் பக்கம் திரும்பினாள். அப்போது கடைக்கண்ணில் பொடிப்பொடியாய் ஏதோ மினுங்கியது. நேராகப் பார்த்தாள், மறைந்தது. மறுபடி அன்னத்தைப் பார்த்தாள், வந்தது!

"யாரும் பல்லியை நேராப் பார்க்காதீங்க!" என்று கத்தினாள். "அன்னத்தைப் பார்த்துக்கிட்டே ஓரக்கண்ணால தேடுங்க!"

எல்லாத் தலைகளும் அன்னத்தின் பக்கம் திரும்பின.

"அட, ஆமா! குட்டிகுட்டியா, கோணல்மாணலா!" என்று கூவினார் அங்காளம்மாள் அக்கா. ஒவ்வொருவராக "தெரியுது, தெரியுது!" என்றார்கள்.

சம்பத் மட்டும் கண்ணைக் கசக்கிக் கசக்கிப் பார்த்தான். "எனக்குத் தெரியலையே," என்றான் மெதுவாக.

பதிலுக்குக் கேலி செய்ய நல்ல சமயம். ஆனால் அருள்மேரி அவன் அருகில் போய் நின்றாள். "உன் அன்னத்தோட வாலைப் பாரு. கண்ணை நகர்த்தாதே. இப்போ வலது ஓரத்துல?"

"ஐயோ, வளைஞ்சு வளைஞ்சு போகுது!" என்று குதித்தான் சம்பத்.

மறுநாள் டீச்சர் அவளுடைய அட்டையை வெகுநேரம் பார்த்தார். "படத்துல பார்த்திருக்கேன். வானத்துல இதை நானே பார்த்ததில்லையே!"

"சாயங்காலம் வாங்க டீச்சர், நான் காட்டறேன்."

அன்று மாலை டீச்சரும் அருள்மேரியும் தெருமுனையில் திரும்பினார்கள். யாரும் யாரிடமும் போய்ச் சொல்லவில்லை. முதல் வீட்டு விளக்கு அணைந்தது. அடுத்த வீடு, அதற்கடுத்த வீடு என்று வரிசையாக அணைந்துகொண்டே போயின.

"டீச்சர் வந்துட்டாங்க!" என்று சேட்டு அண்ணாவின் குரல் தெருவெல்லாம் கேட்டது. "நம்ம தெரு பல்லியைப் பார்க்க வந்துகீறாங்க!"

தெருவிளக்கும் அணைந்தது. அருள்மேரி நிமிர்ந்து நின்று வடக்கே கையை நீட்டினாள்.