ஏழாம் டேபிளின் பாதித் தட்டு

"ஐயோ... முதலாளி!"

அலறியவர் ஹோட்டல் மேனேஜர்.

மதியம் இரண்டு மணி. ஏழாம் டேபிளில் முதலாளி முகம் குப்புறச் சாய்ந்து கிடந்தார். உதட்டோரம் நுரை. உயிர் போய் ஐந்து நிமிடம் ஆகியிருந்தது.

அரை மணியில் இன்ஸ்பெக்டர் வந்தார். கூட வந்த டாக்டர் ஒரே வார்த்தையில் முடித்தார்.

"விஷம்."

"அவர் சாப்பிட்ட தட்டு எங்கே?"

"கழுவிட்டேன் சார்..."

சொன்னவன் சர்வர். சொன்ன பிறகுதான், தன் கழுத்தில் தானே சுருக்கு மாட்டிக்கொண்டது அவனுக்கு உறைத்தது.

"பாதி சாப்பாடு அப்படியே இருந்துச்சாமே... ஏன் எடுத்தே?"

"முதலாளி போன் பேச வெளியே போனார் சார். அவர் திரும்பி வந்து சாயறதுக்கு முன்னாடி நான் வந்து பார்த்தப்போ கத்தியும் ஃபோர்க்கும் தட்டுல பக்கத்துல பக்கத்துல இருந்துச்சு. அப்படி வெச்சா சாப்பிட்டு முடிச்சாச்சுன்னு அர்த்தம். இன்னும் சாப்பிடணும்னா பிரிச்சு வெப்பாங்க. மேனேஜர் சார்தான் சொல்லிக் குடுத்தார்!"

இன்ஸ்பெக்டர் சிரித்தார்.

"முப்பது வருஷ சர்வீஸ்ல கத்தி குத்திப் பார்த்திருக்கேன். பேசிப் பார்த்ததில்லை!"

மேனேஜரிடம் திரும்பினார்.

"முதலாளி கூட சாப்பிட்டது நீங்கதானே? இப்படி ஒரு வழக்கம் இருக்கா?"

"கேள்விப்பட்டதே இல்லை சார். நான் கை கழுவப் போன நேரத்துல எடுத்திருக்கான். பாவம், பயத்துல உளர்றான்."

சர்வர் மற்ற சர்வர்களைப் பார்த்தான்.

"அண்ணே... நீங்களாவது சொல்லுங்கண்ணே!"

அண்ணன்மார் அத்தனை பேரும் தரையை ஆராய்ந்தார்கள். நாளைக்கும் இதே மேனேஜரிடம்தானே வேலை பார்க்க வேண்டும்?

"சார்... வீட்டுல அவளுக்கு ஒன்பதாவது மாசம் சார்..."

கைவிலங்கு விழுந்தது. அவனிடம் இருந்தது உண்மை ஒன்றுதான். அதைக் கேட்க ஒரு ஆள் இல்லை. அழுதான். வேறென்ன செய்ய முடியும்?

"ஜீப் வர நேரமாகும். பசிக்குது மேனேஜர்... விஷமில்லாம ஏதாவது கிடைக்குமா?"

மேனேஜர் பறந்தார். தானே ஆம்லெட் கொண்டு வந்து வைத்துவிட்டு, பவ்யமாகப் பக்கத்தில் நின்றார்.

இன்ஸ்பெக்டர் பாதி சாப்பிட்டார். செல்போன் அடித்தது. கத்தியையும் ஃபோர்க்கையும் ஒட்டினாற்போல் தட்டில் வைத்தார். முகத்தைத் திருப்பிக்கொண்டு பேசினார்.

"ம்... சொல்லு... ம்..."

திரும்பினார்.

தட்டு இல்லை!

அது மேனேஜரின் கையில் இருந்தது.

"நான் இன்னும் முடிக்கலையே... ஏன் எடுத்தீங்க?"

"நீங்கதான் சார் கத்தியை அப்படி..."

பேச்சு பாதியில் நின்றது.

இருபது வருடப் பழக்கம். வாய் உஷாராகத்தான் இருந்தது. கை ஏமாந்துவிட்டது!

"முதலாளி போன் பேசப் போனப்போ ரெண்டையும் சேர்த்து வெச்சது நீங்க. தட்டு போனா விஷமும் போயிடும், பழி இவன் தலையில விழும்... சரியா?"

தட்டு நழுவி விழுந்து உடைந்தது.

"இருபது வருஷம் சார்! இந்த ஹோட்டலை நான் தூக்கி நிறுத்தினேன். முதலாளி என்னடான்னா, இனிமே தன் மருமகன் பார்த்துப்பான், நீ வீட்டுக்குப் போன்னு சொல்லிட்டார்..."

விலங்கு கை மாறியது. சர்வர் தரையில் உட்கார்ந்து தேம்பினான்.

இன்ஸ்பெக்டர் அவன் தோளைத் தட்டினார்.

"எழுந்திரு தம்பி, வீட்டுக்குப் போ. போறதுக்கு முன்னாடி எனக்கு இன்னொரு ஆம்லெட் கொண்டு வா... இந்தத் தடவை கையாலேயே சாப்பிடறேன். எவன் எடுக்கறான்னு பார்த்துடலாம்!"