மூடக் கூடாத டிரம்

மூன்று நாள் மழையில் ராயக்கோட்டை மார்க்கெட்டுக்கு வந்த தக்காளி எல்லாம் கூடையிலேயே நொதித்து வடிந்துகொண்டிருக்க, வியாபாரி கங்கப்பன் அனுப்பிய லோடில் மட்டும் ஒரு பழம்கூட அழுகவில்லை. அதுதான் வினிதாவுக்கு உறுத்தியது. தக்காளிக் கூழ் கம்பெனியில் தரம் பார்க்கிற வேலை அவளுக்கு. ஆறு வருடமாக அழுகலைப் பொறுக்கிப் பொறுக்கி, எதைத் தின்றாலும் முதலில் மோந்து பார்க்கிற பழக்கமே வந்துவிட்டது. ஆள் ஏதோ மருந்து அடிக்கிறார், கையும் களவுமாகப் பிடித்துவிட்டு வா என்று மேனேஜர் வண்டி கொடுத்து அனுப்பினார்.

மலைக்குப் பின்னால் தகரக் கூரை போட்ட கங்கப்பனின் பழைய குடோன். பகல் மூன்றரை மணிக்கே உள்ளே இருட்டு. செத்த எலியும் புளித்த மாவும் கலந்த மாதிரி ஒரு நாற்றம், மாஸ்க்கையும் மீறித் தொண்டையில் வந்து உட்கார்ந்தது.

கங்கப்பனுக்கு அறுபது வயது இருக்கும். மருந்தெல்லாம் கிடையாது, முனகுவேன், அவ்வளவுதான் என்றார். மூன்றே சுரம். முதல் சுரம் பழத்தில் இருக்கும் அழுகலை எழுப்பும். இரண்டாவது அதை ஒன்றாகக் கூட்டும். மூன்றாவது, பக்கத்தில் எந்த வாய் திறந்திருக்கிறதோ அதற்குள் கொண்டுபோய் விடும். அதற்காகத்தான் மூலையில் அந்தக் கறுப்பு டிரம்மைத் திறந்தே வைத்திருக்கிறாராம். முனகுகிறவர் உதட்டைப் பிரிக்கவே கூடாது, பிரித்தால் அவருக்குள்ளேயே போய்விடும். கிழவர் நன்றாகக் காது குத்துகிறார் என்று வினிதா நினைத்துக்கொண்டாள்.

“மேடம், ரெண்டே ரெண்டுதான்,” என்றார் அவர். “நான் மொனகறப்ப வாயத் தொறக்காதீங்க. அந்த டிரம்ம மூடாதீங்க.”

சொல்லிவிட்டு லோடு ஏற்றும் முன்பக்கத்துக்குப் போனார். வினிதா டிரம்மை எட்டிப் பார்த்தாள். பார்த்திருக்க வேண்டாம். உள்ளே சாம்பல் நிறக் கூழ், மேலே சளி மாதிரி ஆடை கட்டியிருந்தது. அடியில் புழுக்கள் நெளிந்த நெளிப்பில் அந்த ஆடையே மூச்சு விடுவதுபோல ஏறி இறங்கியது. சீ, இதற்குப் பக்கத்திலா மனிதர் தின்கிற பண்டம் என்று அவளுக்குக் குமட்டலைவிடக் கோபம்தான் அதிகம் வந்தது. உணவுப் பொருள் இருக்கும் இடத்தில் கழிவுத் தொட்டி திறந்திருக்கக் கூடாது. எத்தனை பேருக்கு அவளே பாடம் எடுத்திருக்கிறாள். கையுறை மாட்டி, கீழே கிடந்த மூடியை எடுத்து வைத்து, உடம்பு பாரம் முழுக்கக் கொடுத்து அழுத்தி மூடினாள்.

விளிம்பில் பிதுங்கிய கூழ் ஒரு சொட்டு அவள் மாஸ்க்கில் தெறித்தது.

முன்பக்கம் முனகல் தொடங்கியது.

முதல் சுரத்தில், எதிரே கூடையில் இருந்த பழங்களின் கறுப்புப் புள்ளிகள் தோலை விட்டு எழும்பின. இரண்டாவதில் ஈரமாக ஏதோ ஒன்று காற்றில் திரண்டது. தெறித்த சொட்டின் நாற்றம் மூக்கு வழியாக இறங்கி வயிற்றைப் புரட்டியது. தாங்க முடியாமல் மாஸ்க்கைக் கீழே இழுத்துவிட்டுக் குனிந்தாள்.

மூன்றாவது சுரம்.

வாந்தி வெளியே வரவில்லை.

உள்ளே போனது.

ஓசூர் வீட்டுக்கு வந்து நான்கு தடவை பல் தேய்த்தாள். உப்புப் போட்டுக் கொப்புளித்தாள். நாக்கில் அந்த வழவழப்பு போகவே இல்லை. ஒன்றரை வயது மகளைத் தூக்கி முத்தம் கொடுக்கப் போனால், குழந்தை முகத்தைச் சுளித்து அப்பா ராஜேஷ்குமாரின் தோளில் ஒண்டிக்கொண்டது. அதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை.

மறுநாள் ஞாயிறு. ராஜேஷ்குமார் ஷிஃப்டுக்குப் போயிருந்தான். பிற்பகல் நான்கு மணிக்கு, கங்கப்பன் லோடு ஏற்றுகிற நேரத்தில், அந்த முனகல் அவள் காதுக்குள் கேட்டது. குடோன் எங்கே, ஓசூர் எங்கே. ஆனாலும் கேட்டது. வினிதா பல்லைக் கடித்து வாயை இறுக மூடிக்கொண்டாள். தப்பித்தோம் என்றுதான் நினைத்தாள். எதிரே பாப்பா ஆவென்று சிரித்துக்கொண்டிருந்தாள்.

சிரிப்பு நின்றது.

குழந்தையின் நாக்கில் சாம்பல் ஆடை படர்ந்தது. கடைவாயில் ஒழுகிய எச்சிலில் வெள்ளையாக ஒன்று நெளிந்தது.

வினிதா பாய்ந்துபோய் மகளின் வாயோடு தன் வாயை வைத்துத் திறந்தாள். அத்தனையும் இந்தப் பக்கம் வந்தது. விழுங்கினாள். அவளுக்கு வேறு வழி தெரியவில்லை.

திங்கட்கிழமை விடிந்ததும் முதல் பஸ்ஸிலேயே ராயக்கோட்டைக்குப் போனாள். அவள் முகத்தைப் பார்த்ததுமே கங்கப்பன் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். டிரம்மைத் திறந்து காட்டினார். கழுவிக் கவிழ்த்து வைத்தது மாதிரி உள்ளே ஈரமே இல்லை.

“மனுச வாய ஒருக்கா ருசி பாத்துட்டா, அது டிரம்முக்குத் திரும்பாதும்மா,” என்றார். “இனி நான் மொனகல. எம் மக மேல சத்தியம்.”

சொன்னபடியே அன்றைக்கே குடோனைப் பூட்டிவிட்டுத் தளியில் இருக்கும் தங்கை வீட்டுக்குப் போய்விட்டார். ஐந்து நாள் நான்கு மணி சத்தமில்லாமல் கடந்தது. வாய் நாற்றம் குறைந்தது. பாப்பா தானாக வந்து அம்மாவின் கன்னத்தில் கன்னத்தை வைத்தபோது வினிதா அழுதேவிட்டாள்.

ஆறாம் நாள் துணி மடித்துக்கொண்டிருக்கும்போது முனகல் கேட்டது.

காதுக்குள் இல்லை.

பக்கத்து அறையில்.

பாப்பா தரையில் உட்கார்ந்திருந்தாள். காலையில் அவள் கடித்துப் போட்ட வாழைப்பழம் கறுத்துப்போய் முன்னால் கிடந்தது. அவள் உதடுகள் இறுகச் சேர்ந்திருந்தன. முதல் சுரம். இரண்டாவது சுரம். பழத்தின் கறுப்பு உருகி மேலே எழுந்தது, சதை வெளுத்தது. குழந்தைக்கு ஒரே குஷி. கன்னம் உப்பி, சிரிப்பு உதட்டு ஓரம்வரை வந்துவிட்டது. இன்னும் ஒரு சுரம் பாக்கி. இப்போது சிரித்தால் அவ்வளவுதான்.

வினிதா ஓடிப்போய் மண்டியிட்டாள். ஒரு கையால் மகளின் வாயைப் பொத்திக்கொண்டு, தன் வாயை அகலத் திறந்தாள்.

உள்ளங்கைக்குக் கீழே மூன்றாவது சுரம் அதிர்ந்தது.