மூன்று பூட்டுப் பெட்டி

வெள்ளிக்கிழமை காலை பத்து மணிக்கு வழக்கு. அதற்குள் பெட்டி வந்து சேராவிட்டால் மலை கையைவிட்டுப் போய்விடும்!

புதன்கிழமை காலைச் சூரியன் பனிமுகட்டைத் தொட்டபோது சபினா வில்காலோமாவின் கடைசி வீட்டைத் தாண்டியிருந்தாள். கடைசி வீடு என்ன, ஆள் குடியிருக்கும் ஒரே வீடே அவளுடையதுதான். பொலிவியாவின் அந்த மலையூரில் நாற்பது ஐமாரா பழங்குடிக் குடும்பங்கள் வாழ்ந்த காலம் உண்டு. மழை பொய்த்தது, பள்ளிக்கூடத்தை மூடினார்கள், ஒவ்வொருவராக நகரத்துக்கு இறங்கிவிட்டார்கள். மிச்சம் சபினாவும் கம்பளிக்காக அவள் வளர்க்கும் அல்பாக்கா மந்தையும்தான். சுரங்கக் கம்பெனிக்கு இது போதாதா? ஆளில்லாத ஊருக்கு நிலம் எதற்கு, வெள்ளி தோண்ட எங்களுக்குக் கொடுங்கள் என்று வழக்குப் போட்டுவிட்டது.

பதில் சொல்ல ஊரிடம் இருந்தது ஒரே ஒரு பழைய நிலப்பத்திரம். நிலத்தைப் பறிக்க வந்த பண்ணையாரின் ஆட்கள் பத்திரங்களைத் தேடித் தேடிக் கொளுத்திய காலத்தில், ஊரார் அதைப் பெட்டியில் பூட்டி மலைக்குகையில் ஒளித்து வைத்தார்கள். பெட்டிக்கு மூன்று பூட்டு. மூன்று குடும்பத்திடம் ஆளுக்கொரு சாவி. மூவரும் கூடித்தான் திறக்க வேண்டும். தனியாகத் திறப்பவர் ஊரைத் திருடியவர். ஒரு சாவி சபினாவின் கழுத்தில் கிடந்தது. மற்ற இரண்டும் நகரத்தில், சந்தையில் காய்கறி விற்கும் ஹசிந்தாவிடமும் மினிபஸ் ஓட்டும் இலாரியோவிடமும் இருந்தன. அவர்கள் ஊரைவிட்டுப் போய்ப் பதினோரு வருஷம் ஆகிறது.

முந்தின நாள் குன்றேறி நின்று போன் செய்திருந்தாள்.

"அக்கா, சாவி இருக்கில்ல?"

"இருக்குடி. எங்க வெச்சேன்னுதான் தேடணும்," என்றாள் ஹசிந்தா.

இலாரியோ எடுக்கவே இல்லை. வெள்ளிக்கிழமை சாவியோடு நீதிமன்றத்துக்கு வரும்படி அவனுக்கும் ஹசிந்தாவிடமே சொல்லிவிட்டாள்.

துணைக்கு வந்தது பொதி சுமக்கும் லாமா விலங்கு ஒன்று. பெயர் சீமாட்டி. நடையும் அப்படித்தான், பிடிக்காதவர் முகத்தில் துப்பிவிட்டுத் தலையை நிமிர்த்திக்கொள்ளும்.

"அங்க பாருடி, ஓடை பெருகிடுச்சு! குதி!" என்றாள் சபினா.

சீமாட்டி குதிக்கவில்லை. சபினா இடுப்பளவு பனித்தண்ணீரில் இறங்கி அதை இழுத்துக் கரையேற்றினாள். சரிவில் கால் வைத்ததும் சரளைக்கல் மடமடவென்று சரிந்தது! பத்தடி உருண்டு ஒரு பாறையைப் பிடித்துத் தொங்கினாள். முழங்கை கிழிந்து ரத்தம் வழிந்தது. "ஐயோ!" என்று கத்தினாள். மலை அதையே திருப்பிச் சொன்னது. என்னாச்சு என்று கேட்க ஒரு மனிதக் குரல் இல்லையே என்பதுதான் காயத்தைவிட அதிகம் வலித்தது.

நடுப்பகலில் குகையை அடைந்தாள். வாசலில் காணிக்கையாக மூன்று கோகா இலைகளை வைத்து, மலையிடம் அனுமதி கேட்டுவிட்டு உள்ளே தவழ்ந்தாள். பெட்டி இருந்தது! ஆனால் மேலே கூரையிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. மூடி ஊறிக் கறுத்திருந்தது.

பத்திரம் கூழாகியிருந்தால்? பூட்டுகள் துருப்பிடித்தவை, ஒரு கல்லால் தட்டினால் போதும். பார்க்க யாருமில்லை. அவர்கள் இருவரும் வரப்போவதும் நிச்சயமில்லை. கல்லை எடுத்தேவிட்டாள்.

"எல்லாரும் போயிட்டாங்க. நான் மட்டும் யாருக்காகடி காத்திருக்கணும்?"

சீமாட்டி அசைபோட்டது. கையிலிருந்த கல் கனத்தது. திறந்துவிட்டால், கம்பெனி சொல்வதை அவளே ஒப்புக்கொண்டதாகும். ஊர் இல்லை, ஒரு சபினா மட்டும்தான். கல்லைக் கீழே போட்டுவிட்டு அழுதாள். பிறகு பெட்டியைப் போர்வையில் சுற்றிச் சீமாட்டியின் முதுகில் கட்டினாள்.

வெள்ளிக்கிழமை பத்து மணிக்கு நீதிமன்றத்தில் பெட்டி இருந்தது, சபினா இருந்தாள். மூச்சு வாங்க ஹசிந்தா வந்தாள். "அரிசி டின்னுல கெடந்துச்சுடி!" இலாரியோ வரவில்லை.

"எதுக்கும்மா இந்த நாடகம்? உடைச்சிட வேண்டியதுதானே?" என்று சிரித்தார் கம்பெனி வக்கீல்.

"உடைக்க முடியாதுங்க. இன்னொருத்தர் வரணும்."

பத்தே கால். பத்தரை. நீதிபதி கடிகாரத்தைப் பார்த்தார். அப்போது வாசலில் ஹாரன் அலறியது! மினிபஸ் நிறையப் பயணிகளை அப்படியே உட்கார வைத்துவிட்டு இலாரியோ ஓடிவந்தான்.

"வழியில மறியலுங்க! மன்னிச்சுக்கணும்!"

மூன்று சாவிகள் திரும்பின. பத்திரத்தின் ஓரங்கள் நனைந்திருந்தன, ஆனால் எழுத்து பிழைத்திருந்தது. ஓடை, முகடு, எல்லைக்கல் எல்லாம் பெயர் பெயராக இருந்தன. ஆளில்லாத ஊர் என்ற வாதத்தை ஏற்க முடியாது, ஊரே மூன்று சாவியோடு வந்து நிற்கிறது என்றார் நீதிபதி. சுரங்கத்துக்குத் தடை! ஹசிந்தா அங்கேயே கைதட்டினாள்.

நகல் எடுத்ததும் பத்திரத்தை உள்ளே வைத்து மூவரும் பூட்டினார்கள். வெளியே பயணிகள் கத்திக்கொண்டிருந்தார்கள்.

"ஊர்ல இருக்கறது நீதானே," என்று இலாரியோ தன் சாவியை நீட்டினான். "இதையும் நீயே வெச்சுக்கம்மா." ஹசிந்தாவும் தன்னுடையதை எடுத்தாள்.

சபினா இருவரின் விரல்களையும் மடக்கிச் சாவிகளை அவர்கள் கைக்குள்ளேயே அழுத்தினாள்.

"மூணும் எங்கிட்ட வந்துட்டா அது என் பெட்டி ஆயிடும் அண்ணா. எனக்குப் பெட்டி வேணாம். நீங்க வேணும்."

இருவரும் தலை குனிந்தார்கள். மினிபஸ் புறப்பட்டது. சபினா பெட்டியோடு மலையேறினாள், தனியாகத்தான்.