ஏரிமேல் வந்த குரல்

கணவாயின் உச்சியில் குதிரையை நிறுத்திச் சேணத்தின் வாரை இறுக்கினேன். நண்பகல். டவுனில் வாங்கிய மாவு மூட்டையும் தேயிலையும் கட்டியபடி இருந்தன. குளிர்காலம் முடிகிற மாதம். கீழே ஏரி உறைந்து கிடந்தது. அதன் அக்கரையில் எங்கள் வீட்டுப் புகை தெரிந்தது. கரையைச் சுற்றிப் போக ஒரு மணி நேரம். ஏரிக்குக் குறுக்கே கால் மணிதான், ஆனால் அந்த மாதத்தில் பனிக்கட்டிமேல் யாரும் கால் வைப்பதில்லை.

ஒரு குதிரை கனைத்தது. என் குதிரையின் வாய் மூடியிருந்தது. சற்றுப் பொறுத்து அதுவும் அதே கனைப்பைக் கனைத்தது.

பாதி இறக்கத்தில் ஓர் ஆண் அழுதது கேட்டது. "ஐயையோ, விட்டுப் போனியே!" கரையில் ஆளே இல்லை.

ஊரில் சாவு என்று நினைத்தேன். எங்களில் சாவு வீட்டுக்குப் போகிற ஆண், தூரத்திலிருந்தே குரலெடுத்து அழுதுகொண்டு குதிரையை விரட்டுவான். செத்தது யார் என்று கேட்பதெல்லாம் பிறகு. நானும் அழுதுகொண்டே விரட்டினேன்.

கரையில் கூட்டம். பனிக்கட்டியில் கறுப்பாக ஒரு ஓட்டை. கம்பளத்தின்மேல் என் மனைவி புருல்கான். பின்னலிலிருந்து நீர் சொட்டிக்கொண்டிருந்தது.

"ஒங்குரலக் கேட்டுத்தான்டா ஓடுனா," என்றாள் பக்கத்து வீட்டுக் கலிபா அக்கா. "அவருக்கு என்னமோ ஆயிருச்சுக்கான்னு நேரா ஏரியில எறங்கிட்டா."

"நான் அழுததே இப்பத்தானக்கா."

"போடா. அதுக்கு ரொம்ப முன்னாடியே கேட்டுச்சு. ஒங்குரல் எனக்குத் தெரியாதா?"

புருல்கானின் ஈர மார்பில் முகம் புதைத்தேன். "ஐயையோ, விட்டுப் போனியே!" கடைசிச் சொல்லில் என் குரல் உடைந்தது. மலைச்சரிவில் கேட்ட குரலும் அதே இடத்தில்தான் உடைந்தது.

நிமிர்ந்தபோது கையில் சேணத்தின் வார் இருந்தது.

கணவாய். நண்பகல். கனைப்பு, இரண்டு முறை.

துருவ நட்சத்திரத்தை எங்கள் பக்கத்தில் இரும்பு முளை என்போம். அதில் கட்டிய இரண்டு குதிரைகள் வானத்தைச் சுற்றுகின்றன. எப்போதாவது அவை அறுத்துக்கொண்டால் முளை ஒரு மனிதனைக் கட்டிக்கொள்ளுமாம். அவனுடைய பொழுதும் குரலும் ஒரே தடத்தில் சுற்றும். குரல் முன்னே போகும், ஆள் பின்னே போவான். சொன்னதையே சொல்கிறவனை, "என்னடா, முளை கட்டிருச்சா?" என்று கேலி செய்வோம். நானும் செய்திருக்கிறேன்.

இரண்டாம் முறை வாயே திறக்காமல் குதிரையை விரட்டினேன். என் அழுகை என் காதை உரசிக்கொண்டு, காற்றே இல்லாமல், ஏரியைக் கடந்து வீட்டுக்குப் போனது. கதவு திறந்தது. கடுகளவாகத் தெரிந்தாள். நேராக வந்தாள். பனிக்கட்டி வெடித்த சத்தத்தில் பாதிப் பாதையிலேயே நானும் அலறிவிட்டேன்.

மூன்றாம் முறை, "வராத! கரையிலேயே நில்லு!" என்று கத்தினேன். அவளுக்கு எட்டவில்லை. நான்காம் முறை அந்தக் கத்தலும் அழுகையோடு கலந்து, சொல் புரியாத அலறலாக எனக்கு முன்னே போனது. அவள் இன்னும் வேகமாக ஓடினாள்.

"ரெண்டு பேரு சேந்து அடிக்கிற மாதிரியில்லடா அலறுன," என்றாள் கலிபா அக்கா.

அப்போதுதான் உறைத்தது. இந்தச் சுற்றில் நான் அழுவதுதான் அடுத்த சுற்றில் அவளை வெளியே இழுக்கிறது. முதல் அழுகை எங்கிருந்து வந்தது என்பது எனக்குத் தெரியாது. ஆனால் அவள் பிணத்தின் முன் ஒரே ஒருமுறை நான் அழாமல் நின்றால், எனக்கு முன்னே போக எதுவும் இருக்காது.

ஐந்தாம் முறை சாட்டைப் பிடியைக் கடித்துக்கொண்டு நின்றேன். ஒரு முனகல் தப்பிவிட்டது.

அடுத்த சுற்றில் அவளை ஏரியில் இறக்க அந்த முனகலே போதுமாயிருந்தது.

ஆறாம் முறை வாய் நிறைய ஆட்டு ரோமத்தைத் திணித்துத் துணியால் கட்டிக்கொண்டு போனேன்.

"அழுடா! அழுதுருடா!" என்று கலிபா அக்கா என்னை உலுக்கினாள்.

"எங்கக்கா செத்துக் கெடக்கா, இவன் வாயக் கட்டிக்கிட்டு வேடிக்க பாக்குறான்," என்றான் மைத்துனன் தூரத். "குதிர செத்தாக்கூட இவன் அழுவான்யா." கன்னத்தில் அறைந்தான். நின்றேன். பெண்கள் அவள் பின்னலை அவிழ்த்தார்கள். நின்றேன். அவள் சுண்டுவிரல் நகத்தில் ரொட்டி மாவு ஒட்டியிருந்தது.

எனக்காகப் பிசைந்த மாவு.

தொண்டைவரை வந்ததை ரோமத்தோடு சேர்த்து விழுங்கினேன்.

கணவாய். குதிரை ஒரே ஒருமுறை கனைத்தது.

இறங்கினேன். அழுகை கேட்கவில்லை. ஏரி கீறலின்றிக் கிடந்தது. வீட்டில் அவள் மாவுக் கையோடு திரும்பிப் பார்த்தாள்.

"வந்தாச்சா? என்ன மூஞ்சி இது?" கட்டிக்கொண்டேன். "ஐய, மாவு! பேசித் தொலைங்களேன். டவுன்ல நாக்க வித்துட்டு வந்துட்டீங்களா?"

அன்று சூரியன் மறைந்தது. வாசலில் நின்று கடைசித் துளி வெளிச்சம்வரை பார்த்தேன்.

மூன்று நாள் நான் வாய் திறக்கவில்லை. முளையில் கட்டிய கயிறு அறுந்ததா, நீண்டதா என்று யாருக்குத் தெரியும்?

நான்காம் நாள் நண்பகல், தேநீர் ஊற்றிக்கொண்டிருந்தவள் நிறுத்தினாள்.

"யாரோ பொம்பள அழுறாங்க."

ஏரியின் நடுவிலிருந்து வந்தது.

"என்னங்க... அது ஏங்குரலு."

"இசாபெக்! இசாபெக்!" என்று அது அழுதது. என் பெயர். எங்களில் மனைவி கணவன் பெயரைச் சொல்வது ஒரு முறைதான், அவன் பிணத்தின் முன். பதினோரு வருடத்தில் அந்தக் குரலில் என் பெயரை நான் கேட்டதில்லை. எனக்குத் தெரியாமலே என் கால்கள் வாசலுக்குப் போயிருந்தன. அவள் ஆறு முறையும் எப்படி ஓடினாள் என்பது புரிந்தது.

"போவாதீங்க! நான் இங்கதான இருக்கேன்!" சட்டையைப் பிடித்து இழுத்தாள்.

கதவு நிலையைப் பற்றிக்கொண்டு, மறு கையால் அவள் வாயைப் பொத்தினேன்.

"எனக்கு என்ன ஆனாலும் அழுதுராத, புருல்," என்றேன் ரகசியமாக. "சத்தமே வரக் கூடாது."

"நான் இன்னும் அழவே இல்லையேங்க," என்றாள் விரலிடுக்கில்.

பிறகு உதடுகளை இறுக்கி மூடிக்கொண்டாள். என் உள்ளங்கைக்குக் கீழே அவை அசையவில்லை.

ஏரியின்மேல் அவள் என் பெயரைச் சொல்லி அழுதுகொண்டேயிருந்தாள்.