நான்கு நிமிட மனைவி

ஆவுடையப்பன் இறந்த பதினேழாம் நாள் அவருடைய நினைப்புமானியின் அறிக்கை வீட்டுக்கு வந்தது. அருமைநாயகம்: நாளொன்றுக்கு மூன்று மணி பத்து நிமிடம். சண்முகவடிவு: நான்கு நிமிடம். அருமைநாயகம் அலுவலகத்தில் பக்கத்து மேசைக்காரர். சண்முகவடிவு, முப்பத்தோராண்டுகள் அவரோடு குடும்பம் நடத்திய மனைவி.

நினைப்புமானி என்பது வேலையில் சேரும் நாளன்று காதுக்குப் பின்னால் பதிக்கப்படும் மிளகளவு மணி. மனம் யாரை எவ்வளவு நேரம் சுற்றுகிறது என்று எண்ணிக்கொண்டிருப்பது மட்டுமே அதன் வேலை. முன்பெல்லாம் ஊழியர் ஒருவர் இறந்தால், கல்யாணத்துக்கு முன்பு எழுதிய வாரிசு நியமனத்தைத் தூக்கிக்கொண்டு அக்கா ஒரு பக்கமும், யாருக்கும் தெரியாத இன்னொரு குடும்பம் மறுபக்கமும் வந்து நிற்கும். இந்தத் தொல்லையே வேண்டாமென்று சட்டத்தை மாற்றினார்கள். கடைசி மூன்று ஆண்டுகளில் யாரை அதிகம் நினைத்தாரோ அவருக்கே பணிக்கொடை, சேமநிதி எல்லாம். பிடித்தவரைத்தானே மனம் நினைக்கும்? சட்டம் எழுதியவர்கள் யாரும் அலுவலகத்தில் வேலை பார்த்ததில்லை போலிருக்கிறது.

தூத்துக்குடிக் கடல்நீர்க் குடிநீர் வாரியத்தில் கடலையே குடிதண்ணீராக்கும் எந்திரம் இருந்தது. கணக்குப் பிரிவில் இருந்ததோ ஒரே ஒரு கூரை விசிறி. ஆவுடையப்பனுக்கு அது ஐந்தில் ஓட வேண்டும். நேர் கீழே உட்கார்ந்திருந்த அருமைநாயகத்துக்கு இரண்டில். பத்தொன்பது ஆண்டுகள் இருவரும் மாறி மாறி எழுந்துபோய் விசையைத் திருகினார்கள். வீட்டுக்குப் போன பிறகும் ஒருவரையொருவர் மனதுக்குள் வைதுகொண்டிருந்தார்கள்.

சண்முகவடிவு வழக்குப் போட்டார். வீட்டுக் கடனுக்காகத்தான் என்று எல்லோரிடமும் சொன்னார். உண்மையில் அந்த நான்கு நிமிடம்தான் அவரை நிம்மதியாகச் சோறு தின்ன விடவில்லை.

முதல் வாய்தாவிலேயே அருமைநாயகம் எழுந்து நின்றார்.

"ஐயா, எனக்கு அந்தக் காசு வேண்டாம். மைனிக்கே விட்டுக் குடுத்திருதேன். ஒரே ஒரு வரி எழுதிக் கையெழுத்துப் போட்டுத் தந்தாப் போதும்."

"என்ன வரி?" என்றார் நீதிபதி.

"விசிறி ரெண்டுலதான் ஓடியிருக்கணும்னு."

நீதிபதி சண்முகவடிவைப் பார்த்தார். ஒரு வரி எழுதினால் கடன் தீர்ந்துவிடும்.

"அவுக அஞ்சுன்னுதான் சொன்னாவ," என்றார் சண்முகவடிவு. "அவுக இல்லைங்கதுக்காக நான் மாத்திச் சொல்ல முடியாது, அண்ணாச்சி."

அடுத்த வாய்தாவுக்கு நினைப்புமானியை வடிவமைத்த பொறியாளர் சாட்சியாக வந்தார். சண்முகவடிவு வக்கீலை முந்திக்கொண்டு தானே கேட்டார். "ஒங்க மானி தப்பா எண்ணிருச்சா, இல்ல அவுகதான் என்ன மறந்துட்டாவளா?"

"ரெண்டும் இல்லம்மா," என்றார் பொறியாளர். "நல்லா இருக்கிற பல்லை யாராவது நினைக்கிறோமா? வலிக்கிற பல்லுகிட்டதான் நாக்கு போகும். நாக்கு போற நேரத்தை மட்டும்தான் மானி எண்ணும்."

"அப்ப நான் சொத்தைப் பல்லா இருந்திருக்கணும்."

நீதிமன்றமே சிரித்தது. சண்முகவடிவு சிரிக்கவில்லை. நீதிபதிக்கு என்னவோ தோன்ற, "உங்க வீட்டுல விசிறி எதுல ஓடும்மா?" என்று கேட்டார்.

"மூணுல. அதுக்கு மேல வச்சா எனக்குச் சளி பிடிச்சிரும்."

"அஞ்சு வேணும்னவர் அதுக்கு ஒண்ணும் சொன்னதில்லையா?"

சண்முகவடிவு யோசித்துப் பார்த்தார். கல்யாணமான புதிதில் ஒருமுறை தும்மினார். ஆவுடையப்பன் எழுந்துபோய் விசிறியை மூன்றில் வைத்தார். அதோடு சரி. முப்பத்தோராண்டுகள் அந்த மனிதர் வேர்த்து வழிந்துகொண்டு அதன் கீழே படுத்திருக்கிறார். அதைப் பற்றி ஒரு பேச்சும் இல்லை, அதனால் ஒரு நினைப்பும் இல்லை. சண்முகவடிவுக்குக் கண் நிறைந்துவிட்டது.

"ஒண்ணுமே சொன்னதில்ல, ஐயா."

நீதிபதியும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். ஆனால் நினைக்காமலே வைத்த அன்புக்குச் சட்டத்தில் பிரிவு எதுவும் இல்லை. பணம் அருமைநாயகத்துக்கே என்று தீர்ப்பானது.

அருமைநாயகம் அதில் ஒரு காசு தொடவில்லை. வாரியத்திலேயே கிடக்கட்டும் என்று விட்டுவிட்டார். மாதம் தவறாமல் அந்த ஒரு வரிக் காகிதத்தைச் சண்முகவடிவுக்கு அனுப்பினார். சண்முகவடிவு இரண்டை அடித்து ஐந்து என்று எழுதித் திருப்பி அனுப்பினார். மாடியை வாடகைக்கு விட்டுத் தவணை கட்டினார். அலுவலகத்தில் விசிறி இப்போது தடையில்லாமல் இரண்டில் ஓடியது. அருமைநாயகத்துக்கு அது என்னவோ பிடிக்கவில்லை. சில நாட்கள் தாமே எழுந்துபோய் ஐந்தில் வைப்பார், வந்து உட்கார்ந்து திட்டுவார், மறுபடி போய் இரண்டுக்குத் திருப்புவார்.

நான்காம் ஆண்டு, ஓய்வுபெற ஒரு மாதம் இருக்கும்போது, அருமைநாயகம் மாரடைப்பில் போய்ச் சேர்ந்தார். அவருடைய மானியும் அறிக்கை கொடுத்தது. சண்முகவடிவு: நாளொன்றுக்கு இரண்டு மணி நாற்பது நிமிடம். ஆவுடையப்பன்: ஒரு மணி ஐந்து நிமிடம். மனைவி ஞானசெல்வம்: மூன்று நிமிடம். இரண்டு பேருடைய பணமும் ஒரே நாளில் சண்முகவடிவின் கணக்கில் வந்து விழுந்தது.

அடுத்த வாரம் ஞானசெல்வம் அறிக்கையோடு வந்து நின்றார். சண்முகவடிவு காப்பி கொடுத்துவிட்டு எதிரே உட்கார்ந்தார்.

"முப்பத்திமூணு வருசம், அக்கா," என்றார் ஞானசெல்வம். "மூணே நிமிசமாம்."

"எனக்கு நாலு. வெசனப்படாதீய. நல்ல பல்லுன்னு அர்த்தம்."

பல் கதையை முழுதாகக் கேட்டபின் ஞானசெல்வத்தின் முகம் கொஞ்சம் தெளிந்தது. காப்பியைக் குடிக்கத் தொடங்கினார்.

"அண்ணாச்சி பணம் ஒங்களுக்கு உள்ளது," என்றார் சண்முகவடிவு. "எனக்கு எதுக்கு? இன்னைக்கே திருப்பிருதேன். ஒரே ஒரு வரி மட்டும் எழுதிக் குடுத்துட்டுப் போங்க."

"என்ன வரி?"

"விசிறி அஞ்சுலதான் ஓடியிருக்கணும்னு."

ஞானசெல்வம் பாதிக் காப்பியோடு டம்ளரைக் கீழே வைத்தார்.

"அவிய ரெண்டுன்னுதான் சொன்னாவ."

"தெரியும்."

"அப்ப நான் வக்கீலப் பாக்கேன், அக்கா." எழுந்தவர் மேலே விசிறியையும் சுவரில் அதன் விசையையும் பார்த்தார். "நீங்களே மூணுலதான வச்சிருக்கீய?"

"அது வீட்டு விசிறி," என்றார் சண்முகவடிவு. "நாம பேசுறது ஆபீஸ் விசிறியப் பத்தி."