காக்கை தொடாத சோறு

மூன்றாவது அமாவாசையாகக் காக்கை வரவில்லை.

தேவநாதன் பின்கட்டு மதில்மேல் வைத்த வாழையிலைத் துண்டில் படையல் சோறு, பருப்பு, நெய், அரை வடை எல்லாம் வைத்தது வைத்தபடி இருந்தன. உச்சி வெயில். "கா... கா..." என்று கூப்பிட்டுக் கூப்பிட்டு அவருக்குத் தொண்டை கட்டிவிட்டது. மயிலம் போகும் பஸ்ஸின் ஹாரன் தூரத்தில் கேட்டு ஓய்ந்தது. அதற்குப் பிறகு ஒரு சத்தமும் இல்லை. காக்கை மட்டுமா? மைனா இல்லை, அணில் இல்லை, நெய் மணக்கும் சோற்றில் வந்து உட்கார ஓர் ஈகூட இல்லை என்பதை அவர் அப்போதுதான் கவனித்தார்.

உள்ளே மகள் கலைப்பிரியா பசியோடு உட்கார்ந்திருந்தாள். ஒன்பதாம் மாதம். வளைகாப்பு முடிந்து முந்தாநாள்தான் திண்டிவனத்திலிருந்து அழைத்து வந்திருந்தார். செத்துப்போன அவள் அம்மா அஞ்சம்மாளுக்கு வைத்த சோறு. காக்கை எடுத்த பிறகுதான் வீட்டில் யாரும் வாயில் வைக்கலாம்.

"ப்பா, காக்கா வந்துச்சா?"

"வந்துக்கினு இருக்குது கண்ணு. கொஞ்சம் பொறு."

செத்தவர்களுக்கு மனக்குறை இருந்தால் காக்கை சோற்றைத் தொடாது என்பார்கள். அஞ்சம்மாளுக்கு என்ன குறை என்று உலகத்தில் அவர் ஒருவருக்குத்தான் தெரியும்.

இரண்டு வருடத்துக்கு முன் ஒரு டேங்கர் லாரி வந்தது. கம்பெனித் தண்ணி, மல்லாட்டைப் பயிருக்கு நல்ல உரம், வறண்ட கிணற்றில் ஊற்றினால் நிலமே குடித்துக்கொள்ளும் என்றான் கூட வந்த புரோக்கர். முதல் லோடுக்கு தேவநாதன் ஏமாந்தார். மூக்கை எரித்த அந்த மஞ்சள் தண்ணீரில் கிணற்றுப் புறாக்கள் செத்து மிதந்ததைப் பார்த்த பிறகும் இரண்டாவது லோடுக்குத் தலையாட்டினாரே, அதற்குப் பெயர் ஏமாந்தது இல்லை. பதிலுக்கு வீட்டோரம் புது போர்வெல் போட்டுக் கொடுத்தார்கள். வேலியில் போன ஓணானை எடுத்து வேட்டியில் விட்டுக்கொண்ட கதைதான். கிணற்று விஷம் ஊறி இறங்கிய அந்த போர் தண்ணீரைத்தான் அஞ்சம்மாள் குடித்தாள். முதலில் கையிலும் காலிலும் தோல் உரிந்தது. அப்புறம் கிட்னி. எந்தத் தண்ணீர் குடிக்கிறீர்கள் என்று டாக்டர் கேட்டபோது, "பஞ்சாயத்து பைப்பு தண்ணி சார்" என்று கூசாமல் சொன்னார் தேவநாதன். கட்டிலில் கிடந்த அஞ்சம்மாள் அவர் முகத்தையே பார்த்தாள். கடைசிவரை ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டிருந்தால் தேவலை.

தலைப்பிரசவத்துக்கு வராதே என்று மகளிடம் சொல்ல ஒரு காரணம் வேண்டுமே. உண்மையைச் சொல்லத் துணியாமல், அவள் குடிக்கக் கேன் தண்ணீர் வாங்கி வைத்தார். ஏன் என்று சொல்லவில்லை. சொன்னால் பேரப்பிள்ளையைக் கண்ணில்கூடக் காட்டமாட்டாள். இன்றைக்கு எப்படியும் சொல்லி, சாயங்காலமே திருப்பி அனுப்பிவிட வேண்டும் என்று காலையிலிருந்து நூறு தடவை நினைத்துவிட்டார்.

"ப்பா, மயக்கமா வருது."

பிள்ளைத்தாய்ச்சி. இனியும் காக்க வைக்க மனம் வரவில்லை.

"வந்துட்சி கண்ணு! எடுத்துட்சி! நீ துன்னு!" என்று பொய்க்குக் குரல் கொடுத்துவிட்டு மதில் பக்கம் திரும்பினார்.

இலை இல்லை.

மதில்மேல் நான்கைந்து பருக்கைகள் சிதறிக் கிடந்தன. அவற்றின் நடுவே விரல்கள் இழுத்த கோடுகள். நான்கு கோடுகள், ஈரமாக, மஞ்சளாக. அந்த வாடை வந்தது. கிணற்று வாடை, தொண்டைவரை எரிக்கும் வாடை. சிமெண்டுத் தரையில் கொல்லைப் பக்கமிருந்து ஈரக் காலடிகள் வந்திருந்தன. அவ்வளவு வெயிலிலும் காயவில்லை. ஒவ்வொரு காலடியின் ஓரத்திலும் வெங்காயத் தோல்போல என்னவோ ஒட்டிக்கொண்டிருந்தது. குனிந்து பார்த்தார். வெங்காயத் தோல் இல்லை.

காலடிகள் மதிலைத் தாண்டிப் போயின. வாசற்படி ஏறின. சமையற்கட்டுக்குள் போயின.

உள்ளே வளையல் சத்தம். சோறு பிசையும் சத்தம்.

"போதும்மா..." மகளின் குரல்தான். சின்ன வயதுக் குரல்.

அவர் நிமிர்ந்தார். சுவரைப் பிடித்தார். நடந்தார்.

காலையில் வாங்கி வைத்த கேனின் மூடி பிரிக்காமலே இருந்தது. கலைப்பிரியா சுவரில் சாய்ந்து கண்ணை மூடியிருந்தாள். கன்னமெல்லாம் கண்ணீர். உதடெல்லாம் மஞ்சள். அவளுக்கு முன்னால் ஒருத்தி, அவருக்கு முதுகு காட்டி. சிதைக்கு உடுத்தி அனுப்பிய அதே அரக்குச் சேலை. சொட்டச் சொட்ட நனைந்திருந்தது.

"அம்மா வந்துருக்குதுன்னு ஏன்பா சொல்லல?" என்றாள் மகள், கண்ணைத் திறக்காமலே.

"துப்பு கண்ணு... துப்பிடு..." என்றார். தரையில் விழுந்து கும்பிட்டார். இத்தனை நாள் வராத வார்த்தை அப்போதுதான் வந்தது. "அஞ்சம்மா, நான்தான் ஊத்த வுட்டேன். தெரிஞ்சேதான் வுட்டேன். புள்ளைய வுட்டுடு. என்னைக் கூட்டிக்கினு போ."

அவள் திரும்பினாள். கோபம் இல்லை. ஆஸ்பத்திரிக் கட்டிலில் பார்த்த அதே பார்வை. தேவநாதன் ஓவென்று அழுதார்.

"நீங்க இருங்க," என்றாள் மெதுவாக. "பேரப்புள்ளைக்கு இன்னும் பசி அடங்கல."

தோலில்லாத விரல்கள் அடுத்த உருண்டையைப் பிடித்தன. மகளின் வாய்க்குக் கொண்டுபோகவில்லை. வயிற்றருகே நீட்டின. விம்மிப் புடைத்த தோலுக்கு அடியில், அந்தக் கையைத் தேடி, ஒரு சின்ன வாய் ஆவென்று திறந்தது.