அழுவதற்கு ஒரு குழந்தை

"உனக்கு அழ வருமா?" என்று வக்கீல் கேட்டிருந்தார்.

"வராது சார்."

"அப்ப குழந்தையைத் தூக்கிட்டு வா. அது அழட்டும்."

"அதுவும் அழலேன்னா?"

"கிள்ளத் தெரியாதாய்யா உனக்கு?"

கோர்ட் பெஞ்சில் உட்கார்ந்திருந்த டைல்ஸ் கடைக்காரனுக்கு அந்தப் பேச்சு ஞாபகம் வந்தது. சிரிப்பை அடக்கிக்கொண்டான்.

மடியில் நான்கு வயது மகள் சிட்டு.

நீதிபதி நிமிர்ந்து பார்த்தார்.

கிள்ளினான்!

வீல்ல்ல்...!

"ஐயா! அம்மா வேணும்னு ராப்பகலா இப்படித்தான் அழுவுது. என் பொண்டாட்டியை அவ அண்ணன் கூட்டிட்டுப் போய் அடைச்சு வச்சிருக்கான். மீட்டுக் குடுங்க!"

அதுதான் அவன் போட்ட ஆட்கொணர்வு மனு.

அத்தனையும் பொய்!

பாழடைந்த கல்குவாரிக் குட்டையில், போன மாதம் அவன்தான் மனைவியைப் பிடித்துத் தள்ளினான். பழியை மச்சான் தலையில் கட்டத்தான் இந்த மனு. தேடட்டும்... தேடிக் களைக்கட்டும்...

"வலிக்குதுப்பா..."

"வாயை மூடு!" குழந்தையின் காதில் கிசுகிசுத்தான். "உங்கம்மாவுக்கு உன்னைப் பிடிக்கல. அதான் போயிட்டா."

அரசு வக்கீல் எழுந்தார்.

"ஐயா, அந்தப் பொண்ணு அண்ணன் வீட்லதான் இருந்திருக்கு. இன்ஸ்பெக்டர் கூட்டிட்டு வந்திருக்கார்."

கதவு திறந்தது.

பாதி மழித்த தலை. நெற்றியிலிருந்து காது வரை தையல்.

அவளேதான்!

"இருக்காது!" துள்ளி எழுந்தான். சிட்டு மடியிலிருந்து உருண்டு விழுந்தாள். "அவ்வளவு ஆழத்துலேர்ந்து எப்படி...!"

"எந்த ஆழம்?" என்றார் நீதிபதி.

அவனுடைய வக்கீல் சத்தமில்லாமல் தன் நாற்காலியைத் தள்ளிப் போட்டுக்கொண்டார்.

அவள் ஓடிவந்து குழந்தையை வாரியெடுத்தாள். குழந்தை திமிறியது.

"நீ யாரு?"

"அம்மாடி செல்லம்..."

"எங்கம்மாவுக்குத்தான் என்னைப் பிடிக்காதே...?"

அவள் முகம் கோணியது. குழந்தையின் கையெல்லாம் கன்றிய நகத்தடங்கள்!

"பொழச்சதை ஏம்மா வெளியில சொல்லல?" நீதிபதியின் குரல் இறங்கியிருந்தது.

"ஆடு மேய்க்கிறவங்க தூக்கி அண்ணன்கிட்ட சேர்த்தாங்க. ஆனா குழந்தை இவர்கிட்ட இருந்துதுங்கய்யா. நான் உயிரோட இருக்கேன்னு தெரிஞ்சா இவளையும் தள்ளிடுவார். அதான் அண்ணனும் வாயைத் திறக்கல. நேத்து இன்ஸ்பெக்டர் வந்தப்பதான் எல்லாத்தையும் சொன்னேன். 'ஒவ்வொரு வாய்தாவுக்கும் அவனே குழந்தையைத் தூக்கிட்டு வர்றான். கோர்ட்ல வச்சே மீட்டுடலாம்மா'ன்னார்."

டைல்ஸ் கடைக்காரன் வாசல் பக்கம் நகர்ந்தான். இரண்டு கான்ஸ்டபிள்கள் வழியை அடைத்துக்கொண்டு நின்றார்கள்.

இப்படிப்பட்ட வழக்கில் கடைசியாகக் கேட்கிற கேள்வியை நீதிபதி கேட்டார்.

"நீங்க யார்கூடம்மா போக விரும்பறீங்க?"

அண்ணன் வீட்டுப் பின்னறையில் தையல் வலியோடு படுத்தபடி, இதற்கான பதிலைத்தான் மனசுக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்திருந்தாள். இன்றைக்குத்தான் சத்தமாக வந்தது.

"யார்கூடவும் இல்லைங்கய்யா. என் பொண்ணை என்கூட அனுப்புங்க... அவரை இன்ஸ்பெக்டர்கூட அனுப்புங்க!"

பிறகு இன்ஸ்பெக்டர் பக்கம் திரும்பினாள்.

"குட்டையைக் காட்ட அவரைக் கூட்டிட்டுப் போனா, நீங்க பின்னாடியே நில்லுங்க சார்... அவருக்குத் தள்ளி விடுற பழக்கம் இருக்கு!"